வீட்டுக்குள் என்றால் பரவாயில்லை

என் பிரியமானவளுக்கு,

நானும் நம் வாயாடி மகளும் உடம்புக்கு நன்றாகவே இருக்கிறோம். நீயும் அங்கே வார்டு வேலைக்கு நடுவில் நேரத்துக்குச் சாப்பிட்டு, கொஞ்சமாவது தூங்கி, நலமாக இரு. உன்னோடு வேலை பார்க்கும் நர்ஸம்மா விடுமுறை முடிந்து கிளம்புகிறார் என்று கேள்விப்பட்டு, அவர் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன். தினமும் போனில் பேசுகிறவன் எதற்குக் கடிதம் எழுதுகிறான் என்று நினைப்பாய். போனில் நான் உன்னிடம் பொய் சொல்லிக்கொண்டிருக்கிறேன். அதனால்தான்.

போன வாரம் மாடி வீட்டுத் தையற்கார அம்மாவின் மகளை ஆஸ்பத்திரியில் சேர்த்ததாகச் சொன்னேன் அல்லவா? எதையோ சாப்பிட்டு வயிற்றுக்கு ஒத்துக்கொள்ளவில்லை என்றும் சொன்னேன். அவள் சாப்பிடவில்லை, குடித்தாள். நம் வீட்டில், நம் பாட்டிலை, நம் மகளோடு சேர்ந்து குடித்தாள்.

பதறாதே. பிழைத்துக்கொண்டாள், மறுநாளே வீட்டுக்கும் வந்துவிட்டாள். முழுவதும் படித்துவிட்டு அப்புறம் கோபப்படு.

இது என்னிடமிருந்து ஆரம்பித்தது. ஃப்ரிட்ஜ் ரிப்பேருக்கு என்று நான் எத்தனை வீட்டுச் சமையலறைக்குள் போகிறேன். காய்கறித் தட்டுக்கு அடியில், பால் பாக்கெட்டுக்குப் பின்னால் என்று பாட்டிலை ஒளித்துவைத்திருப்பார்கள். தட்டுகளை நான் ஒவ்வொன்றாக வெளியே எடுக்கும்போது வீட்டுக்காரர் முகம் போகிற போக்கைப் பார்க்க வேண்டுமே. பக்கத்தில் நிற்கிற பிள்ளைக்கு அந்த இடம் எப்போதோ தெரிந்திருக்கும். ஒளித்துவைப்பதால்தான் பிள்ளைகளுக்கு ஆசை வருகிறது என்று நானாக ஒரு முடிவுக்கு வந்தேன். நம் வீட்டில் ஒளிவுமறைவு வேண்டாம் என்று பியரை நடுத்தட்டில், தண்ணீர் பாட்டிலுக்குப் பக்கத்திலேயே வைத்தேன்.

சனிக்கிழமைகளில் நான் ஊற்றிக்கொள்ளும்போது அவளுக்கும் ஒரு வாய் கொடுத்தேன். பதினான்கு வயதுப் பிள்ளை, கசப்பில் முகத்தைச் சுளிப்பாள், அதோடு ஆசை விட்டுப்போகும் என்பது என் நினைப்பு. முதல் தடவை சுளித்தாள். அப்புறம் சுளிக்கவில்லை. அப்போதாவது எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும். பெரிய மேதாவி மாதிரி, வெளியே யார் கொடுத்தாலும் தொடாதே, குடித்துப் பார்க்கத் தோன்றினால் வீட்டுக்குள் என்றால் பரவாயில்லை என்று பாடம் நடத்தினேன். உன்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டால் நீ என்ன சொல்வாய் என்று தெரிந்துதான் கேட்கவில்லை.

அன்று நான் ஒரு ஐஸ்கிரீம் கடையில் கம்ப்ரஸரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். பள்ளிக்கூடம் அரைநாள். வகுப்புப் பிள்ளைகள் சிலர் பூங்காவில் குடிக்கக் கூப்பிட்டார்களாம். நம்மவள் போகவில்லை. வெளியே வேண்டாம், எங்கள் வீட்டுக்கு வா என்று மாடி வீட்டுப் பெண்ணை மட்டும் கூட்டிவந்துவிட்டாள். அந்தப் பெண் ஒரு வயது சின்னவள், ஒல்லி, காலையிலிருந்து வெறும் வயிறு. பியர் தீர்ந்ததும், விருந்தாளிக்கென்று அலமாரியில் வைத்திருந்த பிராந்தியையும் எடுத்திருக்கிறார்கள். கொஞ்ச நேரத்தில் அந்தப் பெண் சாய்ந்துவிட்டாள். கூப்பிட்டால் கண் திறக்கவில்லை, படுத்தபடியே வாந்தி. நம்மவள் அவளை ஒருக்களித்துப் படுக்கவைத்துவிட்டு, மாடிக்கு ஓடி அவள் அம்மாவை அழைத்திருக்கிறாள். மயங்கிக் கிடப்பவரை மல்லாக்க விடக்கூடாது என்று நீ எப்போதோ சொல்லிக்கொடுத்தாயாம். அதனால்தான் மூச்சு அடைக்காமல் தப்பினாள் என்று டாக்டர் சொன்னார். நான் சொல்லிக்கொடுத்தது அவருக்குத் தெரியாது.

டாக்டரம்மா சின்ன வயதுக்காரர்தான். வளரும் மூளைக்கு இது கெடுதல், சின்ன வயதில் தொட்டவர்களைத்தான் பழக்கம் சீக்கிரம் பிடித்துக்கொள்ளும், வீட்டில் பெரியவர்களே கொடுத்துப் பழக்கினால் பிள்ளைகள் அளவோடு இருப்பார்கள் என்பதெல்லாம் வெறும் நினைப்பு என்றார். பொதுவாகத்தான் சொன்னார், எனக்குச் சுருக்கென்றது. பிறகு, யார் கொடுத்தது என்று கேட்டார். நம் மகள், தானே எடுத்ததாகவும் அப்பாவுக்கு ஒன்றும் தெரியாது என்றும் சொன்னாள். நான் வாயைத் திறக்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அவளைத் திட்டினேன். அந்த வெட்கக்கேட்டையும் எழுதிவிடுகிறேன். அவள் அழவில்லை.

"நீங்கதானேப்பா சொன்னீங்க, வெளியே வேண்டாம், வீட்டுக்குள்ளன்னா பரவாயில்லைன்னு. நான் வீட்டுலதானே குடிச்சேன்" என்றாள்.



அடுத்த நாள் தையற்கார அம்மா நமக்குச் சாப்பாடு கொண்டுவந்தார். பொண்டாட்டி பக்கத்தில் இல்லாமல் பெண்ணை வளர்ப்பது லேசுப்பட்ட காரியமா என்று எனக்கே ஆறுதல் சொன்னார். அவர் மகள் என்மேல் பழி போட்டாளாம். அவங்க அப்பாவே கொடுப்பார் என்றாளாம். ஒரு நல்ல மனுஷனைப் பற்றி இப்படிப் புளுகுகிறாயே என்று கன்னத்தில் அறைந்துவிட்டேன் என்றார். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிள்ளையை. நான் பாத்திரத்தை வாங்கிவைத்துக்கொண்டேன். நன்றி வேறு சொன்னேன்.

மனது கேட்காமல் நேற்று சாயங்காலம்தான் மாடிக்குப் போனேன். தைத்துக்கொண்டிருந்த யூனிபார்மைப் பாதியில் நிறுத்திவிட்டு, நான் சொன்னதை முழுவதும் கேட்டார். என்னை ஒன்றும் சொல்லவில்லை. உள்ளே இருந்த மகளைக் கூப்பிட்டு, என் எதிரிலேயே அவள் கன்னத்தைத் தடவி, "நீ பொய் சொல்லலடி. அம்மாதான் நம்பாம போயிட்டேன்" என்றார். நான் செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கிவந்துவிட்டேன். இனி அவர் நம் வாசலுக்கு வருவாரா, தெரியவில்லை.

பாட்டில்களை எல்லாம் கொட்டிவிட்டேன். மகளை உட்காரவைத்து, நான் சொன்னது தப்பு, வெளியேயும் வேண்டாம், வீட்டிலும் வேண்டாம், நானே கொடுத்தாலும் வேண்டாம் என்றேன். தலையை ஆட்டினாள். முன்பெல்லாம் நான் ஒன்று சொன்னால் ஒன்பது கேட்பாள், இப்போது எதுவும் கேட்பதில்லை. அந்தப் பெண்ணைச் சாகக் கிடத்தியது தான்தான் என்று மனதுக்குள் முடிவுகட்டிவிட்டாள். இல்லை, அது நான் என்று எத்தனை தடவை சொன்னாலும் ஏறவில்லை. என் பேச்சுக்கு அவளிடம் இருந்த மதிப்பை நானே கெடுத்துக்கொண்டேன். உன் பேச்சுக்கு அது இன்னும் இருக்கிறது.

ஒரே ஒரு வேண்டுகோள். இதைப் படித்ததும் போன் செய். சாப்பிட்டாயா என்று மட்டும் அவளிடம் கேள். பிறகு என்னிடம் கொடுக்கச் சொல். நான் ஸ்பீக்கரில் போட்டு அவளைப் பக்கத்திலேயே உட்காரவைத்துக்கொள்கிறேன். வாய்க்கு வந்தபடி என்னைத் திட்டு. பாவம் என்று பாதியில் நிறுத்திவிடாதே. அவள் காதில் நன்றாக விழட்டும்.

இப்படிக்கு,
உன் வீட்டுக்காரன்