பை கிழிக்காத மந்தாரைகள்

செவ்வாய்க்கிழமை மாலை

அன்புள்ள அப்பாவுக்கு,

உங்கள் மகள் எழுதுவது. நானும் அம்மாவும் நலம். அறிவியலில் வகுப்பிலேயே முதல் மதிப்பெண். அம்மாவுக்குத் தையல் வேலை நிறைய வருகிறது. முன்னறை முழுவதும் துணி. மெஷினில் இருந்து எழுந்தால் கால் வைக்க இடமில்லை.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். சித்தப்பாவின் நடவடிக்கை எனக்குச் சரியாகப் படவில்லை.

போன வாரம் வீட்டு வாசலில் மூன்று மந்தாரை மரங்களை நட்டார். என் உயரத்துக்கு இருக்கின்றன. மூன்றும் பூத்துக் குலுங்குகின்றன. அம்மாவுக்கு ஒரே சந்தோஷம். "இதெல்லாம் உங்க அண்ணனுக்குத் தோணுமா, தம்பி?" என்றார். சித்தப்பாவுக்கு டீ புரையேறிவிட்டது.

நான் பள்ளி நூலகத்தில் இருந்து பூமரங்கள் பற்றிய புத்தகத்தை எடுத்து வந்து படித்தேன். முதல் இரண்டு மழை பெய்த பிறகுதான் நட வேண்டுமாம். இரண்டடிக் குழி வெட்டி, ஒரு வாரம் வெயிலில் ஆறப்போட்டு, மக்கிய உரம் கலக்க வேண்டும். சுவரை விட்டுப் பத்தடியாவது தள்ளி நட வேண்டும். பூத்திருக்கும்போது நட்டால் வேர் பிடிப்பது கஷ்டம். சித்தப்பா நட்டிருப்பது கொளுத்தும் கோடையில், சுவரில் இருந்து ஒன்றரை அடியில். அடிக்கோல் வைத்து அளந்துவிட்டேன். தண்ணீர் ஊற்றியபோது மண் கரைந்து, கறுப்பு பிளாஸ்டிக் பையின் விளிம்பு வெளியே தெரிந்தது. பையைக்கூடக் கிழிக்காமல் புதைத்திருக்கிறார்!

கேட்டதற்கு, "மரம் என்ன உன் புத்தகத்தைப் படிச்சுட்டா வளருது? போடி புத்தகப் புழு" என்று சிரித்தார். ஆனால் என் முகத்தைப் பார்க்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை நண்பர் என்று ஒருவரை மனைவியோடு அழைத்து வந்தார். நண்பர் வீட்டுக்கு வருகிறவர்கள் குழாயைத் திறந்து பார்ப்பார்களா? அந்த அம்மாள் மெஷினுக்குப் பக்கத்து ஜன்னலைத் தட்டிப் பார்த்து, "இதை இடிச்சுக் கதவு வைக்கலாமே" என்றார். அது காதில் விழாமல் அம்மா சமையலறையில் அவர்களுக்கு டீ போட்டுக்கொண்டிருந்தார்.

மழைக்காலத்தில் இந்த மரங்கள் இருக்குமா என்ற கவலை நட்டவருக்கே இல்லை. ஏன் இல்லை? உங்களுக்குத் தெரியாமல் சித்தப்பா நம் வீட்டை விற்கப் பார்க்கிறார் என்று சந்தேகப்படுகிறேன். அம்மாவிடம் சொல்லவில்லை; ஞாயிற்றுக்கிழமை போனில் பேசினால் அவர் காதில் விழும் என்றுதான் கடிதம். நீங்கள் உடனே அவரிடம் கேளுங்கள்.

உங்கள் பதிலுக்காகத் தபால்காரரின் சைக்கிள் மணியையே கேட்டுக்கொண்டிருக்கும்,
உங்கள் மகள்


வெள்ளிக்கிழமை, பதினேழு நாள் கழித்து

அப்பாவுக்கு,

என் கடிதம் உங்களுக்குக் கிடைத்துவிட்டது. போன ஞாயிற்றுக்கிழமை போனில் நீங்களே சொன்னீர்கள். வெயிலைப் பற்றிக் கேட்டீர்கள், படிப்பைப் பற்றிக் கேட்டீர்கள். மரம் என்ற சொல்லையே எடுக்கவில்லை. அப்போதே எனக்கு என்னவோ போல் இருந்தது.

நேற்று நர்சரிக்காரர் மரங்களைப் பார்க்க வந்தார். நான் மண்ணைக் கிளறிக்கொண்டிருந்தேன். "பையைக் கிழிச்சுடாதேம்மா, வாடகை மரம், திரும்ப எடுத்துட்டுப் போகணும்" என்றார். சித்தப்பா சொன்னாரா என்று கேட்டேன். "அவரு நட்டதோட சரி. உங்க அப்பாதான் போன் பண்ணினாரு. வீடு பார்க்க வர்றவங்களுக்கு வாசல் பளிச்னு இருக்கணும்னாரு" என்றார். நல்ல மனிதர். எனக்குத் தெரியும் என்றே நினைத்துவிட்டார்.

சித்தப்பாவிடம் மன்னிப்புக் கேட்டேன். அவர் தலையைத் தடவிக் கொடுத்துவிட்டு, "அண்ணிகிட்ட நீயே சொல்லிடுன்னு அண்ணன்கிட்ட எத்தனையோ தடவை சொல்லிட்டேன்மா" என்றார்.

இன்று மாலை ஒரு மரத்தைப் பெயர்த்தேன். சுவரை விட்டுப் பன்னிரண்டடி தள்ளிக் குழி வெட்டினேன். பையை முழுவதும் கிழித்தேன். பாதிப் பூவைக் கிள்ளி எறிந்தேன். இனி அது திருப்பிக் கொடுக்க முடியாத மரம். இந்த வெயிலில் பிழைக்குமா என்று தெரியாது. இனி காலையும் மாலையும் தண்ணீர் ஊற்றுவேன்.

சுவருக்குப் பக்கத்தில் இருக்கிறதே என்று மாற்றுவதாகத்தான் அம்மாவிடம் சொன்னேன். மண் தள்ளும்போது அம்மாதான் மரத்தைச் சாயாமல் பிடித்துக்கொண்டார். "நிழல் கொடுக்க எத்தனை வருஷம் ஆகும்னு உன் புத்தகத்துல போட்டிருக்கா?" என்று கேட்டார். நான்கு வருடம் என்றேன். "அப்ப சரி, அப்பா வந்து உட்கார்றதுக்கும் சரியா இருக்கும்" என்று சொல்லிக் கையைத் தட்டிவிட்டு மெஷினுக்குப் போய்விட்டார்.

இந்த ஞாயிற்றுக்கிழமை நீங்கள் கூப்பிடும்போது நான் போனை எடுக்க மாட்டேன். அம்மாதான் எடுப்பார். எங்களை எங்கே இருக்கச் சொல்கிறீர்கள் என்பதை அவரிடம் நீங்களே சொல்லுங்கள், அப்பா. நான் பக்கத்தில் இருக்கிறேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

மகள்