தீவுக்கு டிக்கெட் வாங்கிய மருமகள்

செப்டம்பர் 9, செவ்வாய்

தக்காளிச் செடிகளைப் பிடுங்கிப் போட்டேன். இந்த வருடக் காய்ப்பு அவ்வளவுதான்.

மாலையில் கசனேஷிமா தீவிலிருந்து கியோஷி அத்தான் போன் செய்தார். என் கணவர் கென்ஸோவின் அண்ணன்தான், ஆனால் கென்ஸோ போய்ச் சேர்ந்த இந்த ஏழு வருடங்களில் தம்பியைப் பற்றிப் பேச ஒரு முறைகூட அழைத்ததில்லை. கல்லறைக்குத்தான் அழைப்பார்.

"இருபத்திமூணாந்தேதி சம இரவு நாள். நீ ரெண்டு நாள் முன்னாடியே வந்துடு. ஒசாகாவிலேருந்து எங்க பிள்ளைங்க வராங்க, சமையலுக்கு ஆள் வேணும். அப்புறம், கல்லறைப் பொறுப்பு. எனக்கப்புறம் உன் பேர்லதான். பேசி முடிச்சாச்சு."

யார் யாரோடு பேசி முடித்தார்கள்? கேட்கவில்லை. "சரிங்க அத்தான்" என்றேன்.

செப்டம்பர் 10

சரி என்று ஏன் சொன்னேன்? எழுபத்தொரு வயதில், முப்பத்தெட்டு வருடம் வகுப்புப் பிள்ளைகளிடம் "தெரியாவிட்டால் தெரியாது என்று சொல், வேண்டாமென்றால் வேண்டாம் என்று சொல்" என்று போதித்துவிட்டு?

செப்டம்பர் 13, சனி

மருந்து வாங்கப் போன இடத்தில், தகமாட்சு ரயில் நிலையச் சுவரில் ஒரு விளம்பரம். "கலைத் தீவு கசனேஷிமா, வழிகாட்டியுடன் ஒரு நாள்." மலைமேல் ஏதோ பளபளப்பாக ஒன்று, அதன் முன்னால் சிரிக்கிற பெண்கள்.

எவ்வளவு நேரம் அதன் முன் நின்றேனோ தெரியவில்லை. உலகத்தின் எந்தெந்த மூலையிலிருந்தோ அந்தத் தீவைப் பார்க்க வருகிறார்கள். நான் வருடத்துக்கு மூன்று முறை போகிறேன்: முன்னோர் கல்லறையைக் கழுவிப் படைக்கும் இரண்டு சம இரவு நாட்கள், கோடையில் முன்னோரை வரவேற்கும் ஓபோன். இறங்கியதும் இடப்பக்கப் பின்தெரு, வாளி, துடைப்பம், அடுப்பு, திரும்ப மாலைப் படகு. அது கலைத் தீவாகிவிட்ட இந்த இருபது வருடங்களில் அங்கே நான் பார்த்த ஒரே கலை, மாமியார் வீட்டுச் சமையல்கட்டுச் சுவரில் படிந்த எண்ணெய்க் கறை.

உள்ளே போய் டிக்கெட் வாங்கினேன். இருபத்திமூன்றாம் தேதிக்கு.

"அன்னிக்கு விடுமுறைங்க, கூட்டமா இருக்குமே. வேற நாள் பாக்கறீங்களா?" என்றாள் அந்தப் பெண்.

அன்றைக்குத்தான் வேண்டும் என்றேன்.

செப்டம்பர் 17

அத்தானுக்கு போன் செய்தேன். சமைக்க வர முடியாது என்றேன்.

"உடம்பு சரியில்லையா?"

"நல்லா இருக்கேன்."

"அப்புறம் என்ன?"

"வேற வேலை இருக்கு."

"உனக்கென்ன வேலை!"

போனை வைத்துவிட்டேன். பயமா, கோபமா? இரண்டும்தான்.

செப்டம்பர் 23, செவ்வாய் – சம இரவு நாள்

எல்லாவற்றையும் எழுதிவிட வேண்டும்.

எட்டுப் பன்னிரண்டு படகு. பதினொரு பேர். வழிகாட்டி மிஸாகிக்கு முப்பது வயதிருக்கும், கையில் நீலக்கொடி. என் பக்கத்தில் ஒகாதா என்பவர், ஹிமேஜியில் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். "நாப்பது வருஷம் நான் ஓட்டினேன், மத்தவங்க வேடிக்கை பாத்தாங்க. இப்ப என் முறை" என்றார். நான் படகில்தான் கவனித்தேன், என் பையில் கல் தேய்க்கும் தூரிகையும் ஊதுபத்தியும் இருந்தன. காலையில் எப்போது எடுத்து வைத்தேன்? சத்தியமாக நினைவில்லை.

துறையில் இறங்கினோம். கொடி வலப்பக்கம் போயிற்று. என் கால் இடப்பக்கம் திரும்பி நடந்தது.

"அம்மா! அந்தப் பக்கம் ஒண்ணுமில்லைங்க, ஊர்க்காரங்க வீடுங்கதான்!" என்று கூவினாள் மிஸாகி.

ஒன்றுமில்லையாம்.

மலைமேல் இருப்பது ஒரு பெரிய எஃகுத் தட்டு. கண்ணாடிபோல் தேய்த்திருக்கிறார்கள். குனிந்து பார்த்தால் வானத்துக்குக் கீழே நம் முகம், அதற்கும் கீழே கடல். எல்லோரும் முறை வைத்துக் குனிந்து பார்த்தோம். ஒகாதாதான், "இதைத் தினமும் தொடைக்கிறவன் பேரை எங்க எழுதியிருக்காங்க?" என்று தேடினார். எங்கும் எழுதவில்லை.

அடுத்தது கிராமத்துக்குள் ஒரு பழைய வீடு. அதன் சமையல்கட்டை மட்டும் கலைஞர் எடுத்துக்கொண்டிருக்கிறார். அடுப்பு, தொட்டி, பானை, அகப்பை, தொங்கும் துணி, எல்லாவற்றுக்கும் ஒரே வெள்ளைப் பூச்சு. சுற்றிலும் கயிறு. எதையும் தொடக்கூடாது, பேசக்கூடாது, ஐந்து நிமிடம். வாசலில் கழுத்தில் அட்டை மாட்டிக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தது யார்? தோமிகோ. என் நாத்தனார். கென்ஸோவின் தங்கை. இங்கே வேலை பார்க்கிறாள் என்று தெரியும். இந்த வீட்டில் என்று தெரியாது.

"அண்ணி! இங்க என்ன பண்றீங்க? அங்க அடுப்பே பத்தலை, அண்ணன் காலையிலேருந்து கத்திக்கிட்டிருக்காரு!"

"நான் டிக்கெட் வாங்கிட்டு வந்திருக்கேன் தோமிகோ."

"டிக்கெட்டா? புகுந்த ஊருக்கா?"

"ஏங்க," என்று ஒகாதா மெதுவாகக் குறுக்கே வந்தார், "சத்தம் போடக்கூடாதுன்னு உங்க கழுத்துல போட்டிருக்கே."

தோமிகோ குனிந்து தன் அட்டையைப் பார்த்தாள். டிக்கெட்டில் துளை போட்டு என்னை உள்ளே விட்டாள்.

ஒரு சமையல்கட்டின் நடுவே ஐந்து நிமிடம் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். யாரும் எதையும் எடுத்து வரச் சொல்லவில்லை. எதுவும் பொங்கி வழியவில்லை. எனக்கு அழுகை வரும் என்று நினைத்தேன். சிரிப்புத்தான் வந்தது.

மூன்றாவது இடத்துக்குக் குறுக்கு வழி, கல்லறைகள் ஊடே. எனக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். கனடாவிலிருந்து வந்த ஒரு தம்பதி, சில கற்களில் மட்டும் ஏன் சிவப்பு எழுத்து என்று கேட்டார்கள். "கணவர் இறந்ததும் மனைவி பேரையும் சேத்து வெட்டிடுவாங்க. உயிரோட இருக்கிறவரைக்கும் சிவப்பு. போனதும் சிவப்பை எடுத்துடுவாங்க" என்று விளக்கினாள் மிஸாகி. அவள் நின்றது எங்கள் கல்லின் முன்னால்.

"மனாபே யாசுகோ" என்று வாசித்தார் ஒகாதா. "இந்தம்மா இன்னும் இருக்காங்களா?"

"இருக்காங்க" என்றேன்.

"உங்களுக்குத் தெரியுமா? எங்க இருக்காங்க?"

"உங்களுக்குப் பின்னாடி."

மிஸாகி முகம் வெளுத்து, இடுப்புவரை குனிந்து மன்னிப்புக் கேட்டாள். அந்தக் குழந்தை என்ன தப்புச் செய்தது?

கல்லைச் சுற்றிப் புல் முழங்கால் உயரம். போன முறை பிடுங்கியது நான். அதன்பின் யாரும் தொடவில்லை, நான் வந்து பிடுங்குவேன் என்று. என் கை தானாகக் கீழே போயிற்று. புல்லைப் பிடித்தும்விட்டேன். விட்டேன். கென்ஸோவுக்கு மட்டும் ஓர் ஊதுபத்தி ஏற்றிவிட்டு, கொடிக்குப் பின்னால் நடந்தேன்.

மாலையில் துறைமுகத்தில் அத்தான் காத்திருந்தார். தோமிகோ சொல்லியிருப்பாள்.

"ஊரே சிரிக்குது! மருமக கொடி பின்னாடி வேடிக்கை பாத்துக்கிட்டு வராளாம்!"

"சிரிக்கட்டும் அத்தான்."

"கென்ஸோ இருந்திருந்தா—"

"இருந்தவரைக்கும் அவர் அந்தக் கல்லைத் தேய்ச்சதில்லை. நீங்களும் தேய்ச்சதில்லை."

"அம்மா உன்னை மக மாதிரி நெனைச்சாங்க!"

"அவங்க என்னை 'ஏய்'னுதான் கூப்பிட்டாங்க. பன்னெண்டு வருஷம் அதே வீட்டுல இருந்தேன், ஒரு நாள் பேர் சொல்லலை."

பின்னால் மிஸாகி தலைகளை எண்ணிக்கொண்டிருந்தாள். "பத்து... பத்துதான் இருக்கு. ஒருத்தர் கொறையுது!"

"கென்ஸோவை நான் பாத்துக்கறேன்," என்றேன். "தெனமும் வீட்டுல முதல் சோறு அவர் படத்துக்குத்தான். மத்தவங்க உங்கம்மா, உங்கப்பா, உங்க தாத்தா. நீங்க பாருங்க. பொறுப்புல என் பேரை எழுதாதீங்க. இனிமே வாளி தூக்க நான் வரமாட்டேன்."

அவர் வாயைத் திறந்தார். நான் படகு ஏறினேன். பதினொன்று.

செப்டம்பர் 24

தோமிகோ போன். ஒசாகாப் பிள்ளைகளுக்குக் கடைச் சாப்பாடு வாங்கிக் கொடுத்தார்களாம். புல்லைப் பிடுங்கியது இவளாம், வேலை முடித்து வந்து, இருட்டுகிற நேரத்தில்.

"நீங்க சொல்லிட்டுப் போயிட்டீங்க அண்ணி. உங்களுக்கு நடுவுல கடல் இருக்கு. எனக்கும் அண்ணன் வீட்டுக்கும் நடுவுல ஒரு வேலிதான்."



செப்டம்பர் 25

தூங்கவில்லை.

அக்டோபர் 4, சனி

நான் நான்காம் வகுப்பு எடுத்த ஒரு வருடம் இது நடந்தது. மதிய உணவு பரிமாறும் முறைக்கு அட்டையில் ஒரு சக்கரம் செய்து சுவரில் மாட்டியிருந்தேன். திங்கட்கிழமை தோறும் அதை நான் திருப்ப வேண்டும். ஒரு சமயம் மறந்துவிட்டேன். எய்கோ என்ற பெண் ஐந்து வாரம் தொடர்ந்து சூப் வாளியைத் தூக்கினாள். ஏன் சொல்லவில்லை என்றதற்கு, "சக்கரம் திரும்பலையே டீச்சர்" என்றாள். மற்ற முப்பது பேருக்கும் தெரிந்திருந்தது. ஒருவரும் வாய் திறக்கவில்லை. வாளி கனம் என்று அவர்களுக்குத் தெரியாதா என்ன?

அன்று சக்கரத்தைத் திருப்பினேன், வாளி அடுத்த பெயருக்குப் போனது. நியாயம். இப்போது நான் திருப்பியதும் அது அத்தான் பெயரில் நிற்கவில்லை, தோமிகோ பெயரில் போய் நிற்கிறது. இந்தச் சக்கரத்தில் பெண்கள் பெயர் மட்டும்தான் எழுதியிருக்கிறார்கள்.

அதற்காக நான் திரும்பிப் போய் வாளியைத் தூக்கினால் சரியாகிவிடுமா? ஆகாது. போகமாட்டேன்.

தோமிகோவுக்கு போன் செய்து சொன்னேன்: "நீயும் செய்யாதே."

"சுலபமாச் சொல்லிட்டீங்க."

"சுலபமில்லைன்னு தெரியும். எனக்கு முப்பது வருஷத்துக்கு மேல ஆச்சு."

பிறகு, "அன்னிக்கு உங்க பக்கத்துல நின்னவர் என்னை மெரட்டினாரே, நல்ல மனுஷன்தானா?" என்று கேட்டாள்.

அக்டோபர் 19

அத்தானுக்குக் கடிதம் அனுப்பினேன். திட்டவில்லை. கல்லறையைக் கழுவுவது எப்படி என்று ஒரே பக்கத்தில், நான்காம் வகுப்புக்கு எழுதுகிற மாதிரி. முதலில் புல். பிறகு மேலிருந்து கீழாகத் தண்ணீர். மென்மையான தூரிகை, கம்பித் தூரிகை கல்லைக் கீறும். எழுத்துக் குழிகளுக்குப் பழைய பல் துலக்கி. முட்டி வலித்தால் சின்ன முக்காலி. உறையில் என் தூரிகையையும் வைத்தேன்.

நவம்பர் 2

பதில் இல்லை.

ஜனவரி 4

புத்தாண்டு அட்டைகள் முப்பத்தாறு வந்தன. அத்தானிடமிருந்து இல்லை. கல்யாணமான நாளிலிருந்து இதுவே முதல் முறை. அடுக்கி வைத்தபோது அந்த இடத்தில் கை ஒரு கணம் நின்றது. நிற்கட்டும்.

மார்ச் 11

தோமிகோ சொன்னாள்: சம இரவு வாரம் ஏழு நாளும் அந்த வெள்ளைச் சமையல்கட்டில் காவலுக்குப் பேர் கொடுத்துவிட்டாளாம். "அண்ணன்கிட்ட சொன்னேன். 'ஏழு நாளுமா?'ன்னாரு. ஏழு நாளும்னேன். என் குரலா அதுன்னு எனக்கே சந்தேகம் அண்ணி."

மார்ச் 20, வெள்ளி – சம இரவு நாள்

காலை ஏழு மணிக்கு போன். அத்தான். வணக்கம்கூட இல்லை.

"கல்லைக் கழுவியாச்சு. பின்பக்கம் பாசி இருந்தது, அதையும் எடுத்துட்டேன். படையலுக்கு வைக்கிற இந்த ஓஹாகி உருண்டைக்குப் பசை அரிசியை எவ்வளவு நேரம் ஊறப்போடணும்?"

"ராத்திரியே போட்டிருக்கணும்."

"இப்பத்தான் போட்டேன்."

"அப்ப மூணு மணி நேரம் காத்திருங்க."

"மூணு மணி நேரமா? அதுவரைக்கும் நான் என்ன பண்றது?"

"பயறை வேகவைங்க. அடிப்பிடிக்காம பக்கத்திலேயே நில்லுங்க."

அவர் பெருமூச்சு விட்டார். வைத்துவிட்டார். நான் துணி காயப்போட்டுவிட்டு வந்தேன். கால் மணி நேரத்தில் மறுபடியும் அடித்தது.

"யாசுகோ."

"சொல்லுங்க."

"பயறுல உப்பு போடணுமா?"

"ஒரு சிட்டிகை," என்றேன். "கடைசில."