சாக்குப் போர்த்திய ஐஸ்

ஆடி 20, புதன்கிழமை.

இன்று கொழும்பு ரயிலில் அனுப்பவிருந்த அறுக்குளா மீன் முழுவதும் இனிக் கருவாட்டுக்குத்தான். நான் மூதூருக்குப் போய்த் திரும்புவதற்குள், மனைவியின் தம்பி மரியதாஸ் ஐஸ் கட்டிகளின் மேலிருந்த சாக்கையும் மரத்தூளையும் அள்ளி எறிந்திருக்கிறான். மீன்வாடிக் கொட்டகை முழுவதும் ஒரே தண்ணீர்.

"ஏனடா எடுத்தனி?"

"சாக்கு சூடெல்லோ அத்தான். காத்துப் பட்டாக் குளிரும் எண்டு திறந்து விட்டனான்."

கரை முழுவதும் கேட்கக் கத்தினேன். சாக்கு சூட்டை உண்டாக்காது, வெளிச்சூட்டை உள்ளே விடாது என்றேன். எருமை மாடு என்றும் சொல்லிவிட்டேன்.

அவன் கோபப்படவில்லை. "போன கிழமை பிள்ளைக்குக் காய்ச்சல் எண்டு அக்கா போர்த்திவிட, போர்வை சூடு எண்டு இழுத்து எறிஞ்சது நீங்கள்தானே?" என்றான்.

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். நான் சாக்கைப் பொறுக்கக் குனிந்தேன்.

போர்வையும் சூட்டை உண்டாக்காது. பிள்ளையின் சூட்டை வெளியே விடாது, அவ்வளவுதான். பாழாய்ப்போன பதில் இப்போதுதான், பாயில் படுத்த பிறகு வருகிறது. விடிந்ததும் அவனிடம் இதைச் சொல்ல வேண்டும். எருமை மாடு என்றதற்கும் ஏதாவது சொல்ல வேண்டும்.