ஐந்தாவது பல்

ஜூன் 4

என் அரைக்கிளட்சுக்கு,

நர்ஸ் வேலைக்கு அவ்வளவு தூரம் கிளம்பியவள் பத்திரமாகப் போய்ச் சேர்ந்துவிட்டாய் என்று தெரிந்ததும்தான் வயிற்றில் பால் வார்த்தது போல் இருந்தது. ஆனால் போனில் நமக்குப் பேசத் தெரியவில்லை. "சாப்ட்டியா?" "சாப்ட்டேன், நீங்க?" "ம்." அதோடு கதை முடிந்துவிடுகிறது. அதனால் நான் கடிதம்தான் எழுதுவேன். நீயும் எழுது. மகள் கல்லூரிக்குப் போகும் வழியில் தபாலில் சேர்த்துவிடுகிறேன் என்கிறாள்.

நீ போன பிறகு நான் செய்த முதல் உருப்படியான காரியம், வண்டியின் ஹேண்ட்பிரேக்கை முடுக்கியது. நம் தெருவின் சரிவு உனக்குத் தெரியும். லீவரை டிக் டிக்கென்று எட்டுப் பல், ஒன்பது பல் இழுத்தும் வண்டி இரண்டு அங்குலம் நகர்ந்து அப்புறம்தான் நிற்கிறது. முன்சக்கரங்களுக்குச் செங்கல் அணை கொடுத்து, பின்பக்கத்தை ஜாக்கியில் ஏற்றி, லீவரின் தோல் உறையைக் கழற்றி, உள்ளே இருக்கும் நட்டைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருகினேன். சரிவின் அடியில் கடை வைத்திருக்கும் நம் தையல்காரர் மிஷினை விட்டு எழுந்து வந்து பின்சக்கரத்தைச் சுற்றிக் காட்டினார். லீவர் கீழே இருக்கும்போது சக்கரம் தாராளமாகச் சுற்ற வேண்டும், ஐந்தாவது பல்லில் கப்பென்று பிடிக்க வேண்டும். பிடித்தது. "சார், உங்க கைக்கு ஒரு மாலை போடணும்"னு சொல்லிவிட்டு, என் கிரீஸ் கையைப் பார்த்ததும் நாலடி தள்ளி நின்றுகொண்டார். வெட்டிய துணியில் கறை பட்டால் யார் பதில் சொல்வது?

கிளம்பும்போது நீ, வண்டியைக் கியரில் போட்டு நிறுத்துங்கள் என்றாய். அது மட்டும் என்னால் ஆகாது. கியரில் இருப்பது தெரியாமல் சாவியைத் திருகி, நம் டிரைவிங் ஸ்கூல் சுவரை இடித்த மாணவர்களை எத்தனை பேர் பார்த்திருக்கிறேன்! அதில் நீயும் ஒருத்தி; கிளட்சைப் பாதிதான் மிதிப்பாய், அதனால்தானே அரைக்கிளட்ச் என்று பேர் வைத்தேன். நியூட்ரலில் போடு, ஹேண்ட்பிரேக்கை இழு, இறங்கு. டிரைவிங் ஸ்கூலை மூடிவிட்டாலும் பாடத்தை மாற்ற மாட்டேன்.

உன்,
மாஸ்டர்


ஜூன் 21

அன்பு மாஸ்டருக்கு,

கடிதத்தைத் தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டு தூங்கினேன். கூட இருக்கிற பெண் கேலி செய்கிறாள். எனக்குக் கல்லூரியில் படிக்கும் மகள் இருக்கிறாள் என்றால் நம்ப மாட்டேன் என்கிறாள்.

என் சுவரை நீங்கள் இன்னும் மறக்கவில்லையா? அன்றைக்கே அந்தச் சுவரைக் கட்டித் தருவதற்குப் பதிலாகத்தான் உங்களைக் கட்டிக்கொண்டேன்.

எனக்கு முதியோர் வார்டு கொடுத்திருக்கிறார்கள். வேலை கஷ்டமில்லை, மனசுதான் கஷ்டப்படுகிறது. ஒரு பெரியவர் ஒரே துண்டை நாள் முழுக்க மடிக்கிறார். ஒரு அம்மா காலையில் கண் விழித்ததும் "அவர் எங்கே?" என்று கேட்கிறார். கணவர் இறந்து வருஷக்கணக்கில் ஆகிறது. எனக்கு முன்னால் இருந்த நர்ஸ் தினமும் உண்மையைச் சொல்லிவிடுவாளாம். அந்த அம்மா தினமும் புதிதாகத் தாலி அறுத்தவள் போல் அழுவாராம். நான் முதல் நாளே, "கடைக்குப் போயிருக்கார், வந்துடுவார்"னு சொல்லிவிட்டேன். சிரித்துக்கொண்டே காபி குடித்தார். நான் செய்தது பாவமா? நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

மகளைத் திட்டாதீர்கள். பரீட்சை நேரம்.

உங்கள்,
அரைக்கிளட்ச்


ஜூலை 9

என் அரைக்கிளட்சுக்கு,

உன் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். பாவம்தான். தப்பைத் தப்பென்று அந்த இடத்திலேயே சொல்லாமல் விட்டால் யாரும் வண்டி ஓட்டக் கற்றுக்கொள்ள முடியாது. மனுஷருக்கு உண்மை தெரிந்தாக வேண்டும். எனக்கு அப்படி ஒரு நாள் வந்தால் நீ என்னிடம் கடை கண்ணி என்று கதை அளக்காதே. சொல்லிவிட்டேன்.

இங்கே எல்லாரும் சுகம். நீ போன பிறகு நான் செய்த முதல் உருப்படியான காரியம், வண்டியின் ஹேண்ட்பிரேக்கை முடுக்கியது. ரொம்ப நாளாகக் கவனிக்காமல் விட்டிருந்தேன். செங்கல் அணை கொடுத்து, ஜாக்கியில் ஏற்றி, தோல் உறையைக் கழற்றி, நட்டைத் திருகி, நானே தனியாக முடித்தேன். இப்போது மூன்றாவது பல்லிலேயே பிடிக்கிறது. தையல்காரர் வாயில் நூலைக் கடித்தபடி என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "சார், போன வாரந்தானே இதப் பண்ணீங்க? அதுக்கு முந்தின வாரமும்"னு கேட்டார். அவருக்கு எப்போதும் விளையாட்டுதான். நானும் விடவில்லை. "நீங்க தினமும் சட்டை தைக்கிறீங்களே, நான் கேட்டனா?"ன்னு கேட்டேன். அவர் சிரிக்கவில்லை.

மகள் இப்போதெல்லாம் என்னை ஒரு மாதிரி பார்க்கிறாள். அம்மா இல்லாத வீடு, வேறென்ன.

உன்,
மாஸ்டர்


ஜூலை 26

அன்பு மாஸ்டருக்கு,

இந்தக் கடிதத்தை நான் கிழித்துக் கிழித்து எழுதுகிறேன். கோபிக்காமல் படியுங்கள்.

ஹேண்ட்பிரேக்கை முடுக்கியதை நீங்கள் முதல் கடிதத்திலேயே எழுதிவிட்டீர்கள். தையல்காரர் விளையாடவில்லை. மகளிடம் கேட்டேன். பாதி சொன்னாள், பாதி அழுதாள். ஒவ்வொரு வாரமும் ஜாக்கியை எடுக்கிறீர்களாம். அடுப்பில் பால் தீய்ந்துபோகிறதாம். அவளைச் சில நேரம் என் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறீர்களாம்.

எனக்கு ஓட்டக் கற்றுக்கொடுத்தது நீங்கள். மூன்று பல்லில் பிடித்தால் கேபிள் எப்போதும் விறைத்தே இருக்கிறது என்று அர்த்தம், பின்சக்கரத்தின் பிரேக் டிரம் சூடாகும், கேபிள் ஒருநாள் அறும் என்று சொன்னதும் நீங்கள்தான். அதையே உங்களுக்குத் திருப்பிச் சொல்ல வேண்டி வந்ததே என்று இருக்கிறது. எனக்காக மூன்று காரியம் செய்யுங்கள். ஸ்பேனரைத் தையல்காரரிடம் கொடுத்துவிடுங்கள். அவரிடம் நானே போனில் பேசிவிட்டேன். வண்டியைக் கியரில் நிறுத்துங்கள். மகளோடு டாக்டரிடம் போங்கள்.

விடுப்பு கேட்டிருக்கிறேன். மாற்று ஆள் வரட்டும் என்கிறார்கள். இங்கே யார் யார் வீட்டுக்காரருக்கோ வாய் துடைத்துவிடுகிறேன். என் வீட்டுக்காரர் அங்கே தனியாக இருக்கிறார்.

உங்கள்,
அரைக்கிளட்ச்


ஆகஸ்ட் 13

அரைக்கிளட்சுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. நீயும் மகளும் தையல்காரரும் சேர்ந்து என்னைப் பைத்தியம் என்று முடிவுகட்டிவிட்டீர்களா? நீ போனதிலிருந்து நான் வண்டியில் கை வைத்ததே இல்லை. இன்றைக்குத்தான் முதல் முறையாக ஹேண்ட்பிரேக்கை முடுக்கலாம் என்று எடுத்தேன். பார்த்தால் ஸ்பேனரைக் காணோம். தையல்காரரைக் கேட்டால், "அக்காகிட்ட ஒரு வார்த்தை கேளுங்க சார்"னு துணியைப் பார்த்துக்கொண்டே சொல்கிறார். என் ஸ்பேனருக்கும் உனக்கும் என்ன சம்பந்தம்? கடைக்குப் போய்ப் புதிது வாங்கி வந்து முடித்தேன். நட்டு மரையின் கடைசி வரை போய்விட்டது. இனித் திருக இடமில்லை. ஒரே பல்லில் கல் மாதிரி நிற்கிறது. பின்சக்கரத்திலிருந்து கொஞ்சம் தீய்ந்த வாடை வருகிறது. புது வேலை என்றால் அப்படித்தான் இருக்கும்.

இதை எழுத வேண்டாம் என்று நினைத்தேன். போன வாரம் தபால் நிலையத்துக்குப் போய்த் திரும்பும்போது, நாற்சந்தியில் எந்தப் பக்கம் திரும்புவது என்று தெரியவில்லை. பின்னால் எல்லாரும் ஹாரன் அடிக்கிறார்கள். இருபத்தைந்து வருஷம் ஊருக்கே வழி சொல்லிக்கொடுத்தவன் நான். என் பழைய மாணவி ஒருத்தி ஓடி வந்து, "மாஸ்டர், நீங்க தள்ளி ஒக்காருங்க, நான் ஓட்றேன்"னு சொன்னாள். தள்ளி உட்கார்ந்தேன். நம் ஸ்கூல் வண்டியில் இருந்தது போல் காலை வைத்து அழுத்த என் பக்கத்தில் பிரேக் இல்லை. எனக்குப் பயமாக இருந்தது. இப்போதும் பயமாக இருக்கிறது.

எப்போது வருகிறாய்?

மாஸ்டர்


ஆகஸ்ட் 29

அன்பு மாஸ்டருக்கு,

நீங்கள் பைத்தியம் இல்லை. அப்படி யார் சொன்னாலும் நான் சும்மா விடமாட்டேன். உடம்புக்கு வருவது போல் மனசுக்கும் வருகிறது. நான் பக்கத்தில் இல்லாமல் போனதுதான் எனக்கு ஆறவில்லை.

செப்டம்பர் கடைசியில் வந்துவிடுகிறேன். விடுப்பு தந்தாலும் சரி, வேலை போனாலும் சரி. அதுவரை வண்டியை எடுக்காதீர்கள். கழுவக்கூட வேண்டாம். உங்கள் பரீட்சையில் மூன்று முறை தோற்றவள் கேட்கிறேன், இந்த ஒரு முறை நான் சொல்வதைக் கேளுங்கள்.

சாவியை வாங்கி வைக்கச் சொல்லி மகளிடம் சொல்லியிருக்கிறேன். அவள் கேட்டால் கொடுத்துவிடுங்கள். அவள் உங்களிடம் கேட்கப் பயப்படுகிறாள், அதனால் நீங்களே எடுத்துக் கொடுத்துவிடுங்கள்.

உங்கள்,
அரைக்கிளட்ச்


ஜூன் 4

என் அரைக்கிளட்சுக்கு,

நீ போய்ச் சேர்ந்தாயா? ஒரு வரி எழுதக்கூடாதா? இங்கே ஒரு துக்கம். நம் தையல்காரர் போய்விட்டார். யாரோ ஒரு பாவி சரிவில் வண்டியை நிறுத்திவிட்டுப் போயிருக்கிறான். அது உருண்டு வந்து, கடை வாசலில் சட்டைக்குப் பொத்தான் காஜா எடுத்துக்கொண்டிருந்த மனுஷனை மிஷினோடு சேர்த்துச் சுவரில் வைத்து நசுக்கிவிட்டது.

போலீஸ்காரர்கள் இரண்டு பேர் என்னைத் தேடி வந்தார்கள். ஊரில் வண்டியைப் பற்றி வேறு யாரைக் கேட்பார்கள்? "ஹேண்ட்பிரேக் கேபிள் அறுந்திருக்கு, வண்டி நியூட்ரல்ல இருந்திருக்கு, என்ன சொல்றீங்க?"ன்னு கேட்டார்கள். கேபிள் சும்மா அறாது, எவனோ அளவு தெரியாமல் முடுக்கியிருக்கிறான் என்று விளக்கிச் சொன்னேன். ஐந்தாவது பல்லில் பிடிக்க வேண்டும், அதற்கு மேல் முடுக்குவது கொலை என்று சொன்னேன். அவர்களில் மூத்தவர், எழுதிக்கொண்டே வந்தவர், பேனாவை மூடி வைத்துவிட்டு என்னையே பார்த்தார். மகள் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அவளுக்கு இளகின மனசு.

துக்கம் கேட்கப் போனேன். எத்தனை வருஷப் பழக்கம்! யாரும் உட்காரச் சொல்லவில்லை. அவர் மனைவி என்னைப் பார்த்தார். எழுந்து உள்ளே போய்விட்டார். துக்கத்தில் இருப்பவர்களிடம் மரியாதை எதிர்பார்க்கக்கூடாது. ஆனால் ஒன்று, திரும்பும் வழியில் பார்த்தால், கடையில் அவருடைய கத்தரிக்கோலுக்குப் பக்கத்தில் என் ஸ்பேனர் இருந்தது. துணி சுற்றிப் பத்திரமாக வைத்திருந்தார். ஏன் எடுத்தார் என்று தெரியவில்லை. போன மனுஷரை என்ன கேட்பது? எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

அந்த வண்டியை ஓட்டியவன் என் மாணவனாக மட்டும் இருந்தால், இந்தக் கையாலேயே அவன் காதைத் திருகிவிடுவேன். யார் என்று எவரும் வாய் திறக்க மாட்டேன் என்கிறார்கள். நீ மகளிடம் பக்குவமாகக் கேட்டு எனக்கு எழுது. தெரியாமல் என்னால் தூங்க முடியவில்லை.

நம் வண்டியையும் வாசலில் காணோம். வந்ததும் ஹேண்ட்பிரேக்கை முடுக்க வேண்டும். கொஞ்சம் தளர்ந்திருக்கிறது.

உன்,
மாஸ்டர்


செப்டம்பர் 19

அன்பு மாஸ்டருக்கு,

ஜூன் 4 என்று தேதி போட்ட உங்கள் கடிதம் வந்தது. இரண்டு நாளாகப் பதில் எழுத உட்கார்ந்து எழுந்துகொண்டிருக்கிறேன். வேலையை விடுவதாக எழுதிக்கொடுத்துவிட்டேன். இந்தக் கடிதம் கிடைத்த மறுநாளே நான் வந்துவிடுவேன்.

முதலில் தையல்காரர் வீட்டுக்குப் போய்விட்டுத்தான் நம் வீட்டுக்கு வருவேன். அந்த அம்மா என்னை எவ்வளவு நேரம் வாசலில் நிற்க வைத்தாலும் நிற்பேன். துப்பினாலும் துடைத்துக்கொண்டு நிற்பேன். நீங்கள் திரும்ப அங்கே போக வேண்டாம். நம் இரண்டு பேருக்கும் சேர்த்து நானே போய்க்கொள்கிறேன்.

ஸ்பேனரை அந்தத் துணியிலேயே சுற்றி என் பெட்டியில் வைத்துவிடுங்கள். மகளோடு சாப்பிடுங்கள். அவள் அழுதால் ஏன் என்று கேட்காமல் தலையைத் தடவிக்கொடுங்கள்.

நம் வண்டி ஒர்க்‌ஷாப்புக்குப் போயிருக்கிறது. வந்துவிடும். ஹேண்ட்பிரேக்கை அவர்களே சரிபார்த்துவிட்டார்களாம். ஐந்தாவது பல்லில் பிடிக்கிறதாம். நீங்கள் இனி ஒன்றும் செய்ய வேண்டியதில்லை.

அந்த வண்டியை ஓட்டியவன் யார் என்று கேட்டிருந்தீர்கள். மகளிடமும் கேட்டேன், போலீஸிலும் கேட்டேன். வெளியூர்க்காரனாம். யார் என்று தெரியவில்லையாம். நீங்கள் தூங்குங்கள்.

உங்கள்,
அரைக்கிளட்ச்