இரண்டு முறை வந்த பத்தொன்பதாம் தேதி

அக்டோபர் 3

இந்தப் பக்கத்தை மூன்றாவது முறையாக எழுதுகிறேன். இன்றைய தேதி மூன்று முறை வந்துவிட்டது. நாள் திரும்பும்போதெல்லாம் எழுதியது அழிந்து தாள் வெள்ளையாகிவிடுகிறது. நினைவு மட்டும் மிச்சம். ஒரே தாடியை மூன்று தடவை மழித்த கடுப்பில் இருக்கிறார் நான் வேலை பார்க்கும் பேக்கரியின் முதலாளி. எனக்கென்னவோ சிரிப்புச் சிரிப்பாக வருகிறது.

அக்டோபர் 4

வந்துவிட்டது. அப்பாடா.

அக்டோபர் 8

ஐந்து, ஆறு, ஏழு வரவே இல்லை. தூங்கி எழுந்தால் எட்டு! பேக்கரியில், ரொட்டி உப்புவதற்காகத் தினமும் மாவும் தண்ணீரும் ஊட்டி வளர்க்கிற புளிப்பு மாவு, ஜாடி மூடியைத் தள்ளிக்கொண்டு மேசையெல்லாம் வழிந்து கிடந்தது. எந்நேரமும் வாயுத் தொல்லை என்பதால் அந்த மாவுக்கு நாங்கள் வைத்த பெயர் சித்தப்பா. மூன்று நாள் பட்டினி போட்டதற்கு மன்னிப்புக் கேட்டுக்கொண்டேன்.

வீட்டில் என் மனைவி வயிற்றைத் தடவிக்கொண்டே, "பிறக்கிற நாளே இப்படி வராம போயிட்டா?" என்றாள். டாக்டர் சொன்ன தேதி இருபது. முழிச்சுப் பாத்தா தொட்டில்ல குழந்தை கிடக்குமா? நான் பாக்காமலேயா? அதெல்லாம் முடியாது. நான் பாக்கணும்.

அக்டோபர் 12

கண்டுபிடித்துவிட்டேன்! திரும்பி வரப்போகிற நாளில் சித்தப்பா எழுவதே இல்லை. என்ன ஊட்டினாலும் ஜாடிக்கு அடியில் சப்பென்று உட்கார்ந்திருக்கிறார். நிலைக்கப்போகிற நாளென்றால், மதியத்துக்குள், உயரம் பார்க்க ஜாடியில் மாட்டிய ரப்பர் பேண்டைத் தாண்டிவிடுகிறார். இதுவரை ஒருமுறைகூடத் தப்பவில்லை. இது இரண்டாவது பன்னிரண்டு. முதல் பன்னிரண்டில் முதலாளி சித்தப்பாவை எட்டிப் பார்த்துவிட்டு, எப்படியும் திரும்பி வருகிற நாள்தானே என்று கடையைப் பூட்டிக்கொண்டு நீந்தப் போனார்.

அக்டோபர் 19, இரண்டாவது

ஆஸ்பத்திரி வராந்தா. எழுத்து கோணல்மாணலாகப் போகிறது.

முதல் பத்தொன்பதில் நடந்தது: காலை பத்து மணிக்கு மனைவி போன் செய்தாள். வலி வந்துவிட்டது, பக்கத்து வீட்டு அக்காவோடு ஆஸ்பத்திரிக்குக் கிளம்புகிறேன் என்றாள். அப்போதுதான் அறுபது ரொட்டியை ஓவனுக்குள் தள்ளியிருந்தேன். உள்ளே ரொட்டி வேகும்போது எந்தப் பேக்கரிக்காரன் நகர்வான்? இருபதே நிமிடம், எடுத்துவிட்டு வருகிறேன் என்றேன். மடையன். திறந்து பார்த்தால் அறுபதும் கரி. இந்தத் தடவை நாள் இல்லை, நான்கு மணி நேரம் அப்படியே தாவியிருந்தது!

ஓடினேன். அதற்குள் துணியில் சுற்றி வைத்திருந்தார்கள். மகள். இடது காதின் நுனி மட்டும், புத்தகத்தில் அடையாளத்துக்குப் பக்கம் மடித்தது போல மடங்கியிருந்தது. மனைவி சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

சாயங்காலம் கரியை அள்ளப் போனவன் ஜாடியைப் பார்த்தேன். சித்தப்பா எழவில்லை! குதித்துக்கொண்டு திரும்பி வந்து, நாளைக்கும் பத்தொன்பதுதான் என்றேன். தலையணை பறந்து வந்தது. பிறகு மெதுவாகக் கேட்டாள்: "திரும்பவும் இவதான் வருவாளா?"

அதை நான் யோசிக்கவே இல்லை.

இன்று காலை அவள் வயிறு பழையபடி. வேலைக்குப் போகவில்லை. வழியில் சித்தப்பாவை மட்டும் பையில் போட்டுக்கொண்டு வந்தேன். ஜாடியைப் பார்த்த நர்ஸ் யாருக்கு மருந்து என்று கேட்டார். மருந்தில்லை, சித்தப்பா என்றேன். அதற்கு மேல் அவர் கேட்கவில்லை.

அதே காது. கடவுளே, அதே காதா இருக்கணும்.

கூப்பிடுகிறார்கள்.

அக்டோபர் 20

இருபது! வந்துவிட்டது!

நேற்று வலியில் மனைவி நசுக்கிய விரல்களால் இன்று பேனாவைச் சரியாகப் பிடிக்க முடியவில்லை. நான் முதலில் பார்த்தது முகத்தை அல்ல, இடது காதைத்தான். மடங்கியிருந்தது. ஓவென்று அழுதேன். நர்ஸ் என்னைத்தான் நாற்காலியில் உட்காரவைத்துத் தண்ணீர் கொடுத்தார்.

"நீங்க பாக்கணும்னு ரெண்டு தடவை பெத்திருக்கேன்," என்றாள் அவள். "நல்லா பாத்துக்கோங்க."

அப்போதே ஜன்னலோரம் சித்தப்பா ரப்பர் பேண்டைத் தாண்டி எழுந்திருந்தார்.

நவம்பர் 30

மூன்றாவது முறையாக எழுதுகிறேன். மகள் இன்று முதல் முறையாகச் சிரித்தாள். முந்தின இரண்டு முப்பதிலும் முதல் முறையாகத்தான் சிரித்தாள். மூன்று தடவையும் நாங்கள் இரண்டு பேரும் பக்கத்திலேயே இருந்தோம்.

சித்தப்பா இன்று எழுந்துவிட்டார். நாளை டிசம்பர். கொஞ்சம் வருத்தமாகத்தான் இருக்கிறது.