மஞ்சள் தொப்பிக்காரி கடித்த சோளம்

அனூஷ் வீடு, துவாப்சே பக்கம்
அக்டோபர் 9, 2019

அன்பு மகன் ரோதியாவுக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் இங்கே கடலோரத்தில் சுகமாக இருக்கிறோம். நீயும் ஆல்யாவும் அந்த மகதான் ஊர்க் குளிரில் இருமல் சளி இல்லாமல் நன்றாக இருக்க வேண்டும் என்பதுதான் என் நினைப்பு எப்போதும். என் ரத்த அழுத்தம் இந்த மாதம் அடங்கி நடக்கிறது. பூனையைப் பக்கத்து வீட்டில் விட்டு வந்திருக்கிறோம், வெள்ளரிக்காய் இருபத்திரண்டு ஜாடி ஊறுகாய் போட்டாகிவிட்டது, உனக்கு நாலு ஜாடி ஒதுக்கியிருக்கிறேன், எப்படி அனுப்புவது என்றுதான் தெரியவில்லை. போனில் சொல்லாமல் ஏன் கடிதம் என்று கேட்பாய். இரண்டு முறை போனைக் கையில் எடுத்தேன், வாயைத் திறப்பதற்குள் சிரிப்பு வந்துவிடுகிறது, நீ அம்மாவுக்கு என்னவோ ஆகிவிட்டது என்று பயப்படுவாய். அதனால் நிதானமாக எழுதுகிறேன். சாப்பிட்டு முடித்துவிட்டு உட்கார்ந்து படி, தேநீர் குடித்துக்கொண்டே படிக்காதே, புரையேறும்.

நாங்கள் ஏன் இங்கே வந்தோம் என்று முதலில் சொல்கிறேன். கல்யாணமாகி நாற்பத்தைந்து வருடம், அதற்காக என்று எல்லோரிடமும் சொன்னேன். உண்மை அதுவல்ல. நீயும் அப்பாவும் பேசாமல் ஒன்றே முக்கால் வருடம் ஆகிறது, எனக்குத் தாங்கவில்லை. அந்தப் புத்தாண்டு உனக்கு மறந்திருக்காது. வருடா வருடம் டிசம்பர் முப்பத்தொன்று அன்று நாடே பார்க்கிற அந்தப் படத்தை நாமும் பார்த்தோம், மேஜையில் சாலட், ஆரஞ்சு, எல்லாம் இருந்தது. கப்பல் சமையற்காரன் துரத்துகிறவர்களிடமிருந்து தப்பிக் கடற்கரைப் படிக்கட்டில் ஓடி வருகிற காட்சி வந்தது, தர்பூசணியைத் தோளில் வைத்த ஆள் ஒருவன் முதுகைக் காட்டிக்கொண்டு போகிறானே, அப்போது அப்பா வழக்கம்போல "அதோ, நான்" என்றார். நீ பிறப்பதற்கு முன்பிருந்தே சொல்கிற வார்த்தை அது. நீ புதிதாக வாங்கி வந்த பெரிய டிவியில் படத்தை நிறுத்தி, எழுந்து போய், திரையில் கையை வைத்து, "அம்மை குத்தின தழும்பு எங்கப்பா? இடது கையில உனக்கு இருக்கு, இந்த ஆளுக்கு இல்ல. இத்தன வருஷமா எங்க காதுல பூ சுத்தியிருக்க" என்றாய். சம்பந்தி வீட்டார் சிரித்தார்கள், நானும் சிரித்தேன், அதை மறைக்க மாட்டேன். அப்பா முள்கரண்டியைக் கீழே வைத்துவிட்டு பால்கனிக்குப் போனார். அடுத்த புத்தாண்டுக்கு அந்தப் படத்தைப் போடவே விடவில்லை. நீ போன் செய்யும்போதெல்லாம் பக்கத்திலேயே நின்றுகொண்டு "ஸ்வெட்டர் போட்டிருக்கானான்னு கேளு" என்று என்னிடம் சைகை காட்டுவார், வாங்கிப் பேச மாட்டார். நீயும் கேட்க மாட்டாய். பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்பதில் அப்பனும் பிள்ளையும் ஒரே அச்சு.

சரி, படம் எடுத்த இடத்துக்கே கூட்டிக்கொண்டு போனால் ஏதாவது ஒன்று தெரிந்துவிடும், அவர் சொன்னது மெய்யென்றால் நீ மன்னிப்புக் கேட்பாய், பொய்யென்றால் அவர் ஒப்புக்கொள்வார் என்று கணக்குப் போட்டேன். அவர் அங்கே இருந்தது மட்டும் எனக்குத் தெரியும். எழுபத்து மூன்று நவம்பரில் வயிற்றுப் புண்ணுக்காகத் தொழிற்சங்கம் அவரை இந்தக் கரைக்கு ஆரோக்கிய விடுதிக்கு அனுப்பியது. ஆகஸ்டில் மேலதிகாரிகள் வருவார்கள், நவம்பர் சீட்டு பட்டறைக்காரனுக்கு, அது அப்போது அப்படித்தான். "கடல்னா கடல், அதுல போய் என்ன படத்தத் தேடுறது" என்று ஒரு வாரம் முறைத்துக்கொண்டிருந்தார். நான் விடவில்லை.

முந்தாநாள் சுற்றுலா பஸ்ஸில் ஏறினோம். படித்துறைக்குக் கூட்டிப் போனார்கள், அங்கே படத்தின் கப்பல் சமையற்காரனுக்கு வெண்கலச் சிலை வைத்திருக்கிறார்கள், தடவித் தடவி மூக்கு மட்டும் பளபளவென்று இருக்கிறது, நானும் தடவினேன். வழிகாட்டிப் பெண், நல்ல பெண்தான், நகத்தில் ஐந்து நிறம் பூசியிருந்தாள், "இதோ இந்தப் படிக்கட்டுலதான் அந்த ஓட்டக் காட்சி எடுத்தாங்க" என்று சொன்னாள். வாயே திறக்க மாட்டேன் என்று சபதம் போட்டு வந்த உன் அப்பாவுக்கு அதற்கு மேல் பொறுக்கவில்லை. "இங்க இல்லம்மா. அது பதினாலு படி. படிக்கு மேல தண்டவாளம் போகும், ரயில் வரும்போதெல்லாம் எடுக்கிறத நிறுத்திடுவாங்க" என்றார். அவள் சிரித்துக்கொண்டே, "பெரியவரே, நாங்க இருபது வருஷமா இந்த எடத்தத்தான் காட்டுறோம். நீங்கதான் டைரக்டரா?" என்று கேட்டாள். பஸ் முழுக்கச் சிரித்தது. பின்னால் இருந்து ஒருவன் "தாத்தாதான் கதாநாயகின்னு நெனைக்கிறேன்" என்றான். அப்பா காது சிவந்துபோனதை நான் பார்த்தேன். எனக்குச் சுருக்கென்றது ரோதியா. நாற்பத்தைந்து வருடம் சோறு போட்டவள் நான், அவரைக் கேலி செய்ய எனக்கு உரிமை இருக்கிறது, இவர்கள் யார். "சவேலி, எறங்கு. உன் பதினாலு படியக் காட்டு" என்று கையைப் பிடித்து இறக்கிவிட்டேன்.

மின்ரயிலில் மூன்றாவது நிறுத்தம், ஒரு குகைப்பாதையைத் தாண்டியதும். அப்பா முன்னால் நடந்தார், வழி கேட்கவே இல்லை. தண்டவாளத்தைக் கடந்தால் கடலுக்கு இறங்கும் படிக்கட்டு. நான் வாய்விட்டு எண்ணிக்கொண்டே இறங்கினேன், பதினான்கு. அப்போதே ஒரு சரக்கு ரயில் தலைக்கு மேல் தடதடத்துப் போனது. அப்பா கைகளை இடுப்பில் வைத்துக்கொண்டு, ஏதோ அந்தக் கடலை அவரே வெட்டின மாதிரி நின்றார். பார்த்தாயா, இடம் மெய், அப்போது மற்றதும் மெய்யாகத்தான் இருக்கும் என்று எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். படிக்கு மேலே ஒரு வீட்டில் அறை வாடகைக்கு என்று பலகை தொங்கியது. வீட்டுக்கார அம்மா பெயர் அனூஷ், ஆர்மீனியக்காரி, என் வயதுதான் இருக்கும், வாய் எனக்கு மேல். தேநீரும் சீமைப்பனிச்சைப் பழமும் கொண்டுவந்து வைத்தாள். அந்தப் படம் இங்கேதான் எடுத்தார்கள் என்று நாங்கள் கேட்காமலே சொன்னாள், அப்போது ஆரோக்கிய விடுதிச் சமையல்கட்டில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாளாம். எனக்கு வாய் சும்மா இருக்குமா. "எங்க வீட்டுக்காரரும் அதுல இருக்கார். தர்பூசணி தூக்கிட்டுப் போற முதுகு" என்றேன் பெருமையாக.

அனூஷ் தேநீர்க் கெண்டியைக் கீழே வைத்தாள். "அது என் புருஷன் முதுகு" என்றாள். "வார்தான், கொதிகலன் பாத்துக்கிட்டிருந்தவரு. முப்பத்தெட்டு வருஷம் அந்த முதுகுக்கு நான் சோப்புப் போட்டிருக்கேன், எனக்குத் தெரியாதா?" என்று உள்ளே போய் ஒரு போட்டோவைக் கொண்டுவந்தாள். அதே அரைக்கால் சட்டை, அதே தர்பூசணி, ஆனால் முகம் தெரிகிறது, மீசை வைத்த வேறொரு ஆள். வழிகாட்டிப் பெண் சிரித்தபோது எனக்குக் கோபம் வந்தது, இப்போது அழுகை வந்தது. இவ்வளவு தூரம் இழுத்துக்கொண்டு வந்து என் கையாலேயே அவரை அவமானப்படுத்திவிட்டேனே, ரோதியாவுக்கு இனி என்ன எழுதுவேன் என்று நினைத்தேன். அப்பா எழுந்தார். "போலாம் ஸீனா, ரயிலுக்கு நேரமாச்சு" என்றார்.

அவர் வாயைத் திறந்ததும் அனூஷ் அவர் முகத்துக்கு நேரே வந்து நின்றாள். "கொஞ்சம் பல்லக் காட்டுங்க" என்றாள். அப்பா வாயை இறுக மூடிக்கொண்டார். "மேல, முன்பல்லு, மூலையில உடைஞ்சிருக்குல்ல?" என்றாள். பட்டாளத்தில் பாட்டில் மூடியைப் பல்லால் திறந்தபோது உடைந்தது என்று நமக்கெல்லாம் சொல்லி வைத்திருக்கிறாரே, அந்தப் பல். இவளுக்கு எப்படித் தெரியும் என்று நான் விழிக்கிறேன். அனூஷ் பெஞ்சில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள், கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "ஐயோ, சீமாட்டி! நம்ம சீமாட்டி வந்திருக்கா!" என்றாள்.

அந்தப் படத்தில் வருகிற மஞ்சள் தொப்பிக்காரியை உனக்கு ஞாபகம் இருக்கும். உனக்கு ஞாபகம் இல்லாவிட்டால் வேறு யாருக்கு இருக்கும். படியில் உட்கார்ந்து, பூப்போட்ட கவுனும் உதட்டுச் சாயமுமாகச் சோளக்கதிரை ஒரு கடி கடித்து, கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வானத்தைப் பார்ப்பாளே, அந்தப் பருத்த அம்மாள். நாலு வயதில் நீ கேரட்டைக் கடித்துக் கன்னத்தைப் பிடித்து அவளைப் போலச் செய்து காட்டுவாய், வந்தவர்கள் எல்லாம் இன்னொரு தடவை, இன்னொரு தடவை என்பார்கள், அப்பா மட்டும் எழுந்து வெளியே போய்விடுவார். அவருக்குக் கோமாளித்தனம் பிடிக்காது என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். ரோதியா, அந்த மஞ்சள் தொப்பிக்காரி உன் அப்பா.

நடந்தது இதுதான். படத்தில் ஜூலை மாதம், கரையில் நவம்பர். நீச்சல் உடையில் கல்லில் உட்கார நோயாளிப் பெண்களைத் தலைமை டாக்டர் அனுப்பவில்லை. ஆண்கள் ஜன்னல் வழியாகக் குதித்து வந்துவிட்டார்கள், படக்காரர்கள் ஆளுக்கு ஒரு கிளாஸ் பிராந்தி கொடுத்தார்களாம். குளிருக்கு வாயிலிருந்து வருகிற புகை தெரியக்கூடாது என்று ஐஸ் கட்டியை உறிஞ்சச் சொன்னார்கள். பெண் வேஷத்துக்கு ஆள் போதவில்லை, மழமழவென்று முகம் இருந்தது உன் அப்பாவுக்குத்தான், இரண்டு தலையணையைக் கட்டிவிட்டு உட்கார வைத்துவிட்டார்கள். நவம்பரில் சோளத்துக்கு எங்கே போவது, பிளாஸ்டரில் வார்த்து மஞ்சள் பூசிக் கொடுத்து, கடிப்பது போலப் பாவனை செய்யுங்கள் என்றார்கள். இவருக்கு பிராந்தி ஏறியிருந்தது, கடித்தேவிட்டார். பல் உடைந்தது. கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வானத்தைப் பார்த்தார். ஒரே தடவையில் எடுத்து முடித்துவிட்டார்கள். நாற்பத்தைந்து வருடமாக நாடே விழுந்து விழுந்து சிரிக்கிற அந்த முகம் நடிப்பில்லை, அப்பாவின் பல்வலி. சமையல்கட்டிலிருந்து உப்புத் தண்ணீர் கொண்டுபோய்க் கொப்பளிக்கக் கொடுத்தவள் அனூஷ்.

"ஏன்யா சொல்லல?" என்று கேட்டேன். அப்பா கடலைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "நீதான் காரணம். படத்துல இருக்கேன்னு உனக்கு ஒரு வரி எழுதுனேன். நீ என்ன செஞ்ச? நெசவுக் கூடத்துல அத்தன பேரையும் திரட்டிக்கிட்டு வந்து கொட்டகையில ரெண்டு வரிசை நெரப்பிட்ட. நாப்பது நெசவுக்காரிங்க. கல்யாணத்துக்கு ஒரு மாசம் இருக்கு. எங்க நீ, எங்க நீன்னு இடிக்கிற. அந்தச் சீமாட்டிதான் நான்னு சொல்லியிருந்தா இவானவோ ஊருல நான் தலை நிமிந்து நடந்திருப்பேனா? பக்கத்துல ஒரு முதுகு போச்சு, அதக் காட்டிட்டேன். அப்புறம் எறக்கி வெக்க எடமே கெடைக்கல." முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்பார்கள், உன் அப்பா வீட்டுக்கு வீடு திரையில் உட்கார்ந்துகொண்டே தன்னை மறைத்திருக்கிறார். நான் முதலில் சிரித்தேன், பிறகு அந்த நாற்பது பேரைக் கூட்டி வந்தது நான்தானே என்று நினைத்து அழுதேன், அப்பா கைக்குட்டை கொடுத்தார், அதைப் பார்த்து மறுபடியும் சிரிப்பு வந்தது.

அன்று மாலை முழுவதும் அனூஷ் அவரைச் சீமாட்டி என்றுதான் கூப்பிட்டாள். அப்பா முதலில் முறைத்தார், மூன்றாவது தடவை "என்னம்மா" என்று குரல் கொடுத்தார். நேற்று அவளே ஒரு மஞ்சள் தொப்பியைத் தேடி எடுத்து வந்தாள். ஏழாவது படியில் உட்கார்ந்து, வேகவைத்த நிஜச் சோளத்தோடு, அதே கன்னத்தைப் பிடித்து, அதே வானத்தைப் பார்த்தார், நான் போனில் படம் பிடித்தேன். நகரத்துக்குப் போய் அந்தப் போட்டோவை அச்செடுத்து இதோடு வைத்திருக்கிறேன். நான் வைக்கவில்லை, அவரே உறையில் வைத்தார். வைக்கும்போது ஒன்று சொன்னார், அதை அப்படியே எழுதுகிறேன்: "அன்னைக்கு அவன் படத்த நிறுத்தினப்போ நான் அதுலதான் இருந்தேன் ஸீனா, முதுகுக்கு ரெண்டு சாண் தள்ளி. இப்பவாவது சொல்லிடலாம்னு வாயத் தொறந்தேன். அவன் கை என் மூஞ்சி மேல இருந்துச்சு."

அவர் உன் மேல் கோபமாக இல்லை கண்ணா. பொய் சொன்னவன் எந்த முகத்தோடு மகனிடம் பேசப் போனை வாங்குவது என்றுதான் இத்தனை நாளும் ஒதுங்கி நின்றிருக்கிறார். இப்போது தொப்பியோடு கடலில் இறங்கிக் கொண்டிருக்கிறார், அக்டோபர் தண்ணீர் என்று சொன்னால் நவம்பரையே பார்த்தவன் நான் என்கிறார். நாளை ரயில் ஏறுகிறோம்.

நீயும் ஆல்யாவும் நீடூழி வாழ வேண்டும், அடுப்பும் மனமும் அணையாமல் இருக்க வேண்டும், தலையில் கை வைத்து ஆசீர்வதித்ததாக நினைத்துக்கொள். மீன் எண்ணெயை மறக்காதே, நான் பின்னின காலுறை ஓட்டையாகியிருந்தால் சொல். இன்னொன்றும் மறக்காதே. புத்தாண்டு அன்று போன் செய், இந்த முறை அப்பாதான் எடுப்பார், எனக்கு முன்னால் ஓடிப்போய் எடுப்பார். அதற்கு முன்னால் படத்தைப் போட்டு அதே இடத்தில் நிறுத்திப் பார். கையை மட்டும் திரையில் வைக்காதே.

இப்படிக்கு,
உன் அம்மா ஸினயீதா
(மஞ்சள் தொப்பிக்காரியின் மனைவி)