ஒரு படி தவிட்டுக்கு வந்த பெயர்

மயிலாப்பூர்
யுவ வருஷம், கார்த்திகை மாதம்

சிரஞ்சீவி மஸ்தானுக்கு உன் நைனா எழுதுவது. நானும் அம்மாவும் சௌக்கியம், மழைக்கு அவளுக்கு முழங்கால் பிடித்துக்கொண்டதைத் தவிர வேறு குறை இல்லை. ரங்கூனில் நீ நல்லபடியாக இருக்கிறாய் என்று உன் கடிதத்தில் தெரிந்துகொண்டோம், கூடவே இன்னொன்றும் தெரிந்துகொண்டோம். இனிமேல் உன் பெயர் மஸ்தான் இல்லை, மோகனசுந்தரம் என்றும், ஜனவரி முதல் ஆபீஸில் அப்படி மாற்றித் தருவதாக ஒப்புக்கொண்டார்கள் என்றும், தை மாதக் கல்யாணப் பத்திரிகையில் அந்தப் பெயரைத்தான் அச்சடிக்க வேண்டும் என்றும் எழுதியிருந்தாய். நான் எந்தப் பெயரை எழுதித் தொடங்கியிருக்கிறேன் என்று பார்த்திருப்பாய். என் பதில் அதுதான், மீதியெல்லாம் விளக்கம்.

மஸ்தான் என்ற பெயரோடு நெற்றியில் விபூதி பூசிக்கொண்டு போனால் உன்னோடு தங்கியிருக்கும் நம்மவர்களும் சிரிக்கிறார்கள், சாயபுமார்களும் சிரிக்கிறார்கள் என்று எழுதியிருக்கிறாய். சிரிக்கட்டுமே, உன் சம்பளத்தில் யாராவது பிடித்துக்கொண்டார்களா. அதுகூடப் பரவாயில்லை, வயசுப் பிள்ளைக்கு நாலு பேர் சிரித்தால் சுருக்கென்று இருக்கும் என்று விட்டுவிடுவேன். ஆனால் கடைசியில் ஒன்று எழுதினாய் பார், மயிலாப்பூர்க்காரர்களுக்கு வேண்டுமானால் பழைய பெயரிலேயே கொஞ்சம் பத்திரிகை தனியாக அடித்துக்கொள்ளுங்கள், நைனா அச்சுக் கோக்கிறவர்தானே, ஒரு வரியை மாற்றுவது எவ்வளவு நேரம் என்று. அதைப் படித்ததும் எனக்கு வந்த கோபம் இன்னும் இறங்கவில்லை. ஒரு நிமிஷ வேலைதான். இந்த அச்சாபீஸில் ஊரார் பெயரையெல்லாம் கோத்துக் கோத்துப் பிரித்துப் போட்டவன் நான். ஆனால் ஒரு மாப்பிள்ளைக்கு இரண்டு பெயரில் பத்திரிகை அடிக்க என் கை வராது. அப்படிச் செய்கிறவன் திருட்டு வேலை செய்கிறவன்.

உனக்கு அந்தப் பெயர் எப்படி வந்தது என்று தெரியும், இருந்தாலும் மறந்துபோன மாதிரி இருக்கிறாய், அதனால் மறுபடி எழுதுகிறேன். உனக்கு முன்னால் இரண்டு பிள்ளைகள் பிறந்து தங்கவில்லை. இரண்டுக்கும் நல்ல நாள் பார்த்து, சாமி பெயராகப் பொறுக்கி வைத்தோம், இரண்டாவது பிள்ளை தன் பெயருக்குத் திரும்பிப் பார்க்கப் பழகுவதற்குள் போய்விட்டது. நீ பிறந்ததும் உன் அம்மா முத்தம்மா, இந்தப் பிள்ளைக்கு நாம் பெயர் வைக்கக் கூடாது, நம் கை ராசி இல்லை என்று ஒரே பிடியாக நின்றாள். எங்கள் அச்சாபீஸில் பைண்டிங் வேலை செய்யும் நூர் முஹம்மதுவின் சம்சாரம் ஜைதூன் பீக்கு அப்போதே ஐந்து பிள்ளைகள், ஐந்தும் கல்லுக்குண்டாக இருந்தன. தர்கா வாசல்படியில் உன்னைத் துணி விரித்துக் கிடத்திவிட்டு நாங்கள் திரும்பிப் பார்க்காமல் தள்ளி நின்றோம். அவள் அனாதைப் பிள்ளையை எடுப்பது போல உன்னை எடுத்து மடியில் போட்டுக்கொண்டு, உள்ளே அடங்கியிருக்கும் பெரியவரை நினைத்து மஸ்தான் என்று கூப்பிட்டாள். கடவுள் நினைப்பிலேயே தன்னை மறந்து திரிகிற பக்கிரியைத்தான் அப்படிச் சொல்வார்களாம். அதற்குப் பிறகு உன் அம்மா போய், ஒரு படி தவிடு கொடுத்து உன்னை அவளிடமிருந்து விலைக்கு வாங்கி வந்தாள். சாவு நம் வீட்டுப் பிள்ளையைத் தேடி வந்தால், இது நம் பிள்ளை இல்லை, தவிட்டுக்கு வாங்கிய ஊரான் பிள்ளை என்று திருப்பி அனுப்பிவிடலாம். நீ நடக்கிற வரைக்கும் நாங்கள் உனக்குப் புதுத்துணி வாங்கவில்லை, நூர் முஹம்மதுவின் பழைய லுங்கியைக் கிழித்து அவள் தைத்த சட்டையைத்தான் போட்டுக்கொண்டிருந்தாய். வேண்டுதலா, தற்செயலா, எனக்குத் தெரியாது. நீ தங்கினாய். எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான், எனக்கு அது போதும்.

உன் கடிதத்தில் எழுதியதை ஜைதூன் பீயிடம் சொல்ல வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லியிருந்தேன், அவள் வாயில் எது தங்கும், மறுநாளே சொல்லிவிட்டாள். அந்த அம்மாள் கோபித்துக்கொண்டிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். பிள்ளைக்கு அதுதான் சௌகரியம் என்றால் மாற்றிக்கொள்ளட்டும், உயிரோடு இருக்கிறான், அதற்குத்தானே பெயர் வைத்தது என்று சொல்லிவிட்டு வெற்றிலை மடிக்க உட்கார்ந்துவிட்டாளாம். அவள் விட்டுக்கொடுத்துவிட்டாள். அவள் விட்டுக்கொடுத்ததனாலேயே நான் விடப்போவதில்லை.

ஊர் உலகத்தில் யாருக்கும் இல்லாத பெயர் என்கிறாய். ரங்கூன் போன புதிதில் நீ எழுதிய கடிதங்களை நீயே மறந்துவிட்டாய். பின்வீட்டு பர்மாக்காரருக்குக் குடும்பப் பெயரே கிடையாது, பிறந்த கிழமைக்கு ஏற்ற எழுத்தில் பெயர் வைக்கிறார்கள், கட்டிக்கொண்டு வந்தவளும் தன் பெயரிலேயே இருக்கிறாள் என்று எழுதினாய். தெருமுனைச் சீனர் குடும்பப் பெயரை முன்னால் வைக்கிறார், வெள்ளைக்காரர் பின்னால் வைக்கிறார் என்று எழுதினாய். உன் மானேஜர் பெயர் கூப்பர், அப்படி என்றால் பீப்பாய் செய்கிறவன் என்று நீதான் எழுதினாய். அவருடைய முப்பாட்டன் எவனோ பீப்பாய்க்கு வளையம் அடித்திருக்கிறான், இவர் அந்தப் பெயரைப் பித்தளைத் தகட்டில் வெட்டிக் கதவில் மாட்டியிருக்கிறார். அவருக்கு இல்லாத வெட்கம் உனக்கு எங்கிருந்து வந்தது. அது போதாதென்று சீனர் மாதிரி என்று எண்ணி, உன் பெயருக்கு முன்னால் இருக்கும் என் பெயரைக் குடும்பப் பெயர் என்று நினைத்துக்கொண்டு ஆபீஸில் உன்னை மிஸ்டர் துரைராஜ் என்று கூப்பிடுகிறார்களாம். நான் பாட்டுக்கு இங்கே கச்சேரி ரோட்டில் வேலை செய்துகொண்டிருக்கிறேன், அங்கே நீ தாமதமாக வந்ததற்கு என் பெயர் திட்டு வாங்குகிறது. அதை நான் மாற்றச் சொன்னேனா.

இதை நூர் முஹம்மதுவிடம் சொன்னபோது அவர் இன்னொன்று சொன்னார். அரபு தேசத்தில் தகப்பனைப் பிள்ளையின் பெயரால்தான் கூப்பிடுவார்களாம், இன்னாருடைய தகப்பன் என்று. அரபு தேசம் எதற்கு, நம் தெருவுக்கு வந்தால் போதும். எனக்குத் துரைராஜ் என்று பெயர் இருப்பதே முக்கால்வாசிப் பேருக்குத் தெரியாது, பால்காரனிலிருந்து எல்லோருக்கும் நான் மஸ்தான் நைனா. நீ உன் பெயரைக் கழற்றிப் போட்டால் என் பெயரும் சேர்ந்து போகிறது. என்னை ஒரு வார்த்தை கேட்டாயா.

நாட்டில் எல்லோரும் மாற்றிக்கொள்கிறார்கள் என்பாய். பெயருக்குப் பின்னால் இருக்கும் சாதியை வெட்டிப் போடுகிறார்கள், எங்கள் அச்சாபீஸுக்கு வரும் பத்திரிகைகளிலேயே பார்க்கிறேன், எனக்குச் சந்தோஷம்தான், அந்த வரியைக் குறைத்துக் கோக்கும்போது மனசுக்கு நிறைவாக இருக்கிறது. அவர்கள் மேலே ஏறி உட்கார்ந்திருந்த இடத்திலிருந்து இறங்குகிறார்கள். நீ செய்வது அது இல்லை. உன்னைத் தூக்கி மடியில் வைத்தவளை நீ கீழே இறக்குகிறாய்.

இனி பெண் வீட்டுச் சேதி. உன் மாமனார் ஆகப்போகிற சுப்புராயன் வரச் சொல்லியிருந்தார், ஞாயிற்றுக்கிழமை மாம்பலம் போனேன். தியாகராய நகர் என்று புதுப்பெயர் வைத்தாலும் ஏரியாக இருந்த இடம், மழை பெய்தால் தண்ணீர் பழைய பெயரைத்தான் ஞாபகம் வைத்திருக்கிறது, செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டுதான் அவர் வீட்டுக்குள் நுழைந்தேன். மஸ்தான் என்று போட்டால் சாயபு மாப்பிள்ளை என்று சொந்தக்காரர்கள் நினைத்துக்கொள்வார்கள், மாப்பிள்ளையே மோகனசுந்தரம் என்று எழுதிவிட்டாரே, எங்கள் பெண்ணுக்கும் ஹேமலதா என்று போட்டுவிட்டால் ஜோடியாக இருக்கும் என்றார். பெண்ணின் பெயர் வேம்பு, நாகரிகமாக இல்லையாம். நான் எழுந்துவிட்டேன். அப்படியானால் உங்கள் ஹேமலதாவுக்கு அந்த மோகனசுந்தரத்தையே பார்த்துக்கொள்ளுங்கள், எனக்கு அப்படி ஒரு பிள்ளை கிடையாது என்று சொல்லிவிட்டுச் செருப்பைத் தேடினேன். கல்யாணம் நின்றால் நிற்கட்டும் என்றுதான் இருந்தேன், அதை உனக்கு மறைக்க வேண்டியதில்லை.

அப்போது காபித் தம்ளரோடு வந்த பெண், தம்ளரை என் கையில் கொடுத்துவிட்டு அவள் அப்பாவைப் பார்த்து ஒன்று சொன்னாள். அவள் சொன்னபடியே எழுதுகிறேன். "எனக்கு முன்னாடி பொறந்ததெல்லாம் போனதாலதானேப்பா, கசப்பா இருந்தா எமன் தொடமாட்டான்னு வேம்புன்னு வச்சீங்க. அவருக்கும் அப்படித்தானே வச்சாங்க. அந்தப் பேரால பொழச்சு இன்னிக்கு ரெண்டு பேரும் கல்யாணத்துக்கு நிக்கிறோம். எனக்கு மஸ்தான்னு சொல்லித்தான் நிச்சயம் பண்ணீங்க, எனக்கு அவருதான் வேணும்." நான் மறுபடி உட்கார்ந்து அந்தக் காபியைக் குடித்தேன். சர்க்கரை கொஞ்சம் தூக்கல், ஆனால் ஒரு சொட்டு மிச்சம் வைக்கவில்லை.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். "அந்தப் பொண்ணுக்குக் கீற தில்லு நம்ம புள்ளைக்கு இல்லியே" என்று சொல்லிவிட்டு அழுதாள், பிறகு அழுகையோடேயே சிரித்தாள்.

மறுநாளே பத்திரிகையை நானே கோத்தேன், வேறு யாரையும் தொடவிடவில்லை. சௌபாக்கியவதி வேம்புவுக்கும் சிரஞ்சீவி மஸ்தானுக்கும் என்று, எங்களிடம் இருப்பதில் பெரிய எழுத்தாகப் பார்த்து வைத்திருக்கிறேன். சுப்புராயனும் பார்த்துச் சரி என்றுவிட்டார். முதல் பத்திரிகையை மஞ்சள் தடவி நானும் அம்மாவும் ஜைதூன் பீயிடம் கொடுத்துவிட்டு வந்தோம், அவள் அதை முந்தானையில் துடைத்துத் துடைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். கல்யாணத்தன்று முதல் பந்தியில் முதல் இலை அவளுக்கும் நூர் முஹம்மதுவுக்கும். அதைப் பார்த்து எழுந்து போகிற சொந்தக்காரர்கள் போகலாம், சாப்பாடு மிச்சம். ரங்கூனிலிருந்து மோகனசுந்தரம் என்று யாராவது வந்தால் அவருக்கும் சந்தனம் கொடுத்து, நல்ல இடமாகப் பார்த்து உட்கார வைப்போம். மணையில் உட்காருவது மஸ்தான்.

கப்பலில் வரும்போது காதுக்குத் துணி சுற்றிக்கொள், காற்று ஆகாது. வெளியில் கண்ட தண்ணீரைக் குடிக்காதே. அம்மாவுக்கு ஒன்றும் வாங்க வேண்டாம், ஜைதூன் பீக்கு ஒரு நல்ல கம்பளிப் போர்வை வாங்கி வா, உன் கையாலேயே கொடு. நீயும் வேம்புவும் நோய் நொடி இல்லாமல், வைத்த பெயர் விளங்க, நூறு வருஷம் இருக்க வேண்டும் என்று நானும் அம்மாவும் வேண்டிக்கொள்கிறோம்.

ஒரு ஞாபகம். இதைச் சாதாரணத் தபாலில் போடவில்லை, ரிஜிஸ்தர் செய்திருக்கிறேன். உறையின் மேல் மஸ்தான் என்றுதான் எழுதியிருக்கிறேன், அந்தப் பெயருக்கு உரியவர் கையெழுத்துப் போட்டால்தான் தபால்காரர் கொடுப்பார். ஆகவே இந்த வரி வரைக்கும் நீ படித்திருந்தால், யார் மஸ்தான் என்று அவர் வாசலில் நின்று கேட்டபோது, அத்தனை பேர் முன்னால் நான்தான் என்று எழுந்து போயிருக்கிறாய். நீ கையெழுத்துப் போட்ட ஒப்புதல் சீட்டு எனக்குத் திரும்பி வரும். வந்ததும் ஜைதூன் பீயிடம் கொண்டுபோய்க் காட்டுவேன்.

இப்படிக்கு,
மஸ்தான் நைனா